ருசிக்கு நீதிபதி உண்டா?

பிளாரன்ஸ் நகரத்தில் பாம்பி சகோதரர்கள் 1927இல் தொடங்கிய லா மார்ஸோக்கோ நிறுவனம், காப்பிக்கடைகளுக்கான எஸ்பிரெஸ்ஸோ இயந்திரங்களால் பேர் வாங்கியது. அந்தக் கடை இயந்திரத்தையே சுருக்கி, வீட்டுச் சமையல் மேடையில் நிற்கும்படி ‘லீனியா மினி’ என்ற பெயரில் 2015இல் கொண்டுவந்தது. காப்பிக்கு ஒன்று, பாலை நுரைக்கவைக்கும் நீராவிக்கு ஒன்று என்று 2 கொதிகலன்கள் உள்ளே இருக்கின்றன. தண்ணீரின் சூட்டை டிகிரிக் கணக்கில் பிடித்து நிறுத்தும் ஏற்பாடும் உண்டு. இந்தியாவில் இதை வாங்கி வைக்க 5 லட்சம் ரூபாயாவது வேண்டும். வாங்குகிறவர்கள் இருக்கிறார்கள். வாங்கிய மறுநாளே அவர்களுக்குச் சிக்கல் தொடங்கிவிடுகிறது: இதில் எந்தக் கொட்டையைப் போடுவது?

கடைக்காரர் 2 பொட்டலங்களை எடுத்துவைக்கிறார். ஒன்று எத்தியோப்பியாவின் யிர்கச்செஃபே பகுதி அராபிகா, இளவறுவல். ‘மல்லிகை, எலுமிச்சை, பீச்’ என்று உறையில் அச்சிட்டிருக்கிறது. மற்றது இத்தாலியப் பாணிக் கலவை. கருக வறுத்தது, கொஞ்சம் ரோபஸ்டாவும் சேர்ந்தது. ‘சாக்லேட், வறுத்த பருப்பு’ என்கிறது அதன் உறை. முன்னதற்கு இரண்டு மடங்கு விலை. “இதுதான் சார் உசத்தி” என்கிறார் கடைக்காரர். வாங்கி வந்து போட்டுக் கொடுத்தால், வீட்டுப் பெரியவர் ஒரு மிடறு குடித்துவிட்டு, “என்னப்பா, புளிக்குதே!” என்று கோப்பையைத் தள்ளிவைக்கிறார்.

இருவரில் யார் சொல்வது சரி? அவரவர் நாக்கு அவரவருக்கு என்று சொல்லி எழுந்துவிடலாம்தான். ஆனால் அது உண்மையானால் இரட்டிப்பு விலைக்கு நியாயம் இல்லை. தேர்வெழுதிச் சான்றிதழ் வாங்கிய சுவைஞர்களுக்கு வேலை இல்லை. ஊசிப்போன காப்பியை ஊசிப்போனது என்று சொல்லும் உரிமைகூட யாருக்கும் இல்லை. ருசி பொருளில் இருக்கிறதா, நாக்கில் இருக்கிறதா? ருசியைப் பற்றிய தீர்ப்பில் சரி, தவறு என்று ஏதாவது உண்டா? தத்துவத்தில் இது பழைய வழக்கு, இன்னும் முடியாத வழக்கு.

எஸ்பிரெஸ்ஸோ இந்த வழக்கைக் கூர்மையாக்குகிறது. வடிதாளில் மெல்ல ஊற்றி இறக்கும் காப்பியில் கரைந்திருக்கும் காப்பிச் சத்து 1.2 முதல் 1.5 சதவீதம்வரை. எஸ்பிரெஸ்ஸோவில் அது 8 முதல் 12 சதவீதம். 18 கிராம் தூளைக் கிண்ணத்தில் அழுத்தி, 9 பார் அழுத்தத்தில் வெந்நீரை 25, 30 விநாடி செலுத்தினால், கொட்டைக்குள் இருக்கும் நல்லதும் கெட்டதும் பல மடங்கு பெருகிக் கோப்பைக்கு வந்துவிடும். எதுவும் ஒளிந்துகொள்ள இடமில்லை. சுமாரான இயந்திரமாக இருந்தால் பழியை அதன்மேல் போடலாம். 5 லட்ச ரூபாய் இயந்திரத்தில் அந்த வசதி கிடையாது.

ஸ்காட்லாந்துத் தத்துவ அறிஞர் டேவிட் ஹியூம் 1757இல் ருசியின் அளவுகோலைப் பற்றி ஒரு கட்டுரை வெளியிட்டார். செர்வான்டிஸின் ‘டான் கிஹோத்தே’ நாவலில் சாஞ்சோ பான்ஸா சொல்லும் கதை ஒன்றை அதில் எடுத்தாள்கிறார். சாஞ்சோவின் உறவினர் இருவர் ஒயின் ருசிப்பதில் கெட்டிக்காரர்கள். ஒரு பீப்பாய் ஒயினைக் கொடுத்து அபிப்பிராயம் கேட்கிறார்கள். நல்ல ஒயின்தான், ஆனால் லேசாகத் தோல் வாடை அடிக்கிறது என்கிறார் ஒருவர். நல்லதுதான், ஆனால் இரும்பு வாடை தெரிகிறது என்கிறார் மற்றவர். சுற்றி நின்றவர்கள் இருவரையும் கேலி செய்கிறார்கள். பீப்பாய் காலியானதும் அடியில் கிடக்கிறது, தோல் வாரில் கோத்த ஒரு பழைய சாவி.

கதையின் அழகு, இருவரும் வேறு வேறு சொன்னார்கள், இருவர் சொன்னதும் சரி என்பதில் இருக்கிறது. மல்லிகை மணக்கிறது என்ற கடைக்காரரும், புளிக்கிறது என்ற பெரியவரும் அப்படித்தான். மல்லிகைப் பூவின் மணத்தில் பங்குள்ள லினலூல் என்ற பொருள் காப்பியிலும் உண்டு. ஆகவே உறையில் எழுதியிருப்பது முழுக்க வியாபாரக் கவிதை அல்ல. இளவறுவல் கொட்டையில் பழ அமிலங்கள் கூடுதலாகத் தங்கியிருப்பதும் உண்மை. பெரியவரின் நாக்கு பொய் சொல்லவில்லை.

காப்பிக்கும் அப்படி ஒரு சாவி இருக்கிறது. ருவாண்டாவிலும் புருண்டியிலும் விளையும் அருமையான அராபிகாவை ‘உருளைக்கிழங்குக் குறை’ என்ற நோய் பிடித்து ஆட்டுகிறது. ஆன்டெஸ்டியா என்ற பூச்சி காப்பிப் பழத்தைத் துளைத்த இடத்தோடு தொடர்புடையது இது. பாதித்த கொட்டையைக் கண்ணால் பார்த்துக் கண்டுபிடிப்பது மிகக் கடினம். அரைக்கும்போதுதான் பச்சை உருளைக்கிழங்குத் தோலின் வாடை குப்பென்று வரும். ஒரு கோப்பை எஸ்பிரெஸ்ஸோவுக்கு நூற்றுச் சொச்சம் கொட்டைகள் தேவை. அதில் ஒன்று அப்படி இருந்தால் போதும், கோப்பை கெட்டது. வாடைக்குக் காரணமான ரசாயனத்தை ஆய்வுக்கூடத்தில் அளந்துகாட்ட முடியும். இங்கே யாரும் வந்து, அது உங்கள் அபிப்பிராயம் என்று வாதாட முடியாது.

இது வழக்கின் ஒரு பாதி. மறுபாதியை 1790இல் இம்மானுவேல் கான்ட் எடுத்துக்கொண்டார். கேனரித் தீவு ஒயின் இனிமையானது என்று ஒருவர் சொல்லும்போது, எனக்கு இனிமையானது என்று சொல் எனத் திருத்தினால் அவர் ஒப்புக்கொள்வார் என்பது கான்ட்டின் வாதம். அழகு வேறு ரகம். ஓர் ஓவியத்தை அழகு என்று சொல்பவர், மற்றவர்களும் ஒப்பவேண்டும் என்று எதிர்பார்த்தே சொல்கிறார். நாக்கின் இன்பத்துக்கு அந்த அந்தஸ்து கிடையாது. இப்படி நாக்கைக் கீழ்ப்படியில் உட்காரவைத்த கான்ட், முதுமையில் சாப்பாட்டுக்குப் பிறகு காப்பி வர ஒரு நிமிடம் தாமதித்தாலும் தவித்துப்போவார் என்று, கடைசிக் காலத்தில் அவரைக் கவனித்துக்கொண்ட வாசியான்ஸ்கி எழுதிவைத்திருக்கிறார்.

கான்ட் கொஞ்சம் அவசரப்பட்டுவிட்டார் என்றே சொல்லவேண்டும். காப்பியைப் பற்றி ஒருவர் பேசும்போது 2 வேறு கூற்றுகள் கலந்து வருகின்றன. ‘இதில் மல்லிகை மணம் இருக்கிறது’ என்பது ஒன்று, ‘இது உசத்தி’ என்பது இன்னொன்று. முன்னதைச் சோதிக்கலாம், தவறென்று நிரூபிக்கலாம். பின்னது அப்படி எளிதில் மடங்காது. கடைகளில் இரண்டும் ஒரே மூச்சில் சொல்லப்படுவதால், முன்னதற்கு இருக்கும் உறுதி பின்னதற்கும் ஒட்டிக்கொள்கிறது. விலை ஏறுவது அந்த ஒட்டுதலில்தான்.

தத்துவ அறிஞர்கள் பிரிக்கத் தயங்கியதைத் தொழில்துறையே பிரித்துவிட்டது என்பது வேடிக்கை. அமெரிக்காவிலிருந்து கிளம்பிய சிறப்புக் காப்பிச் சங்கத்தின் பழைய மதிப்பீட்டுப் படிவம் 100 மதிப்பெண்ணுக்கானது. 80ஐத் தொட்டால் ‘ஸ்பெஷாலிட்டி’. மணம் எப்படி என்ற விவரமும், அது எவ்வளவு நன்று என்ற தீர்ப்பும் அதில் ஒரே எண்ணுக்குள் கரைந்திருந்தன. 2023இல் அந்தச் சங்கம் அறிமுகப்படுத்திய புதிய முறையில் விவரிப்புக்குத் தனித்தாள், விருப்பத்துக்குத் தனித்தாள். கோப்பையில் என்ன இருக்கிறது என்பதை ஒன்றில் எழுதவேண்டும். அது எவ்வளவு பிடித்தது என்பதை 9 படிகள் கொண்ட அளவில் மற்றதில் எழுதவேண்டும். எந்த நாடு, எந்தத் தோட்டம் போன்ற செய்திகளுக்கு வேறொரு தாள். ஹியூமும் கான்ட்டும் ஆளுக்கொரு படிவத்தில் கையெழுத்துப் போட்டிருப்பார்கள்.

ஆனால் படிவத்தில் அடங்காத அனுபவங்களும் உண்டு. பனாமாவில் எஸ்மெரால்டா தோட்டத்தின் ‘கெய்ஷா’ ரகக் காப்பி 2004 போட்டியில் முதலிடம் பெற்று, ஏலத்தில் பவுண்டு 21 டாலருக்குப் போனது. சாதாரண அராபிகா பவுண்டு 1 டாலருக்கும் கீழே விற்ற காலம் அது. 2019இல் இன்னொரு பனாமாத் தோட்டமான எலீடாவின் கெய்ஷா பவுண்டு 1,029 டாலரைத் தொட்டது. எஸ்மெரால்டாவின் கெய்ஷாவை ருசித்த நடுவர் ஒருவர், தனக்குப் பக்தி கிடையாது என்றாலும் கோப்பைக்குள் கடவுளின் முகத்தைப் பார்த்தேன் என்ற கருத்தில் சொன்னது காப்பி உலகில் பரவியது. அமெரிக்க எழுத்தாளர் மிஷேல் வைஸ்மன் 2008இல் சிறப்புக் காப்பி வணிகம் பற்றி எழுதிய நூலின் தலைப்பே ‘கோப்பையில் கடவுள்’.

இதைக் கேட்டுச் சிரிப்பது சுலபம். வில்லியம் ஜேம்ஸ் சிரித்திருக்க மாட்டார். எடின்பரோவில் அவர் ஆற்றிய சொற்பொழிவுகள் சமய அனுபவத்தின் வகைகள் பற்றிய நூலாக 1902இல் வந்தன. இறையனுபவம் பெற்றவர்களுக்கு, தாங்கள் வெறுமனே ஒன்றை உணர்ந்ததாக இல்லாமல், ஓர் உண்மையை அறிந்ததாகவே தோன்றுகிறது என்கிறார் ஜேம்ஸ். அந்த அனுபவம் அதைப் பெற்றவர்மேல் முழு அதிகாரம் கொண்டது. அதை அவரிடமிருந்து வாதத்தால் பறிக்க முடியாது. ஆனால் அனுபவம் வாய்க்காத மற்றவர், அதை ஆராயாமல் ஏற்கக் கடமைப்பட்டவர் அல்லர். காப்பி ருசிக்கும் இதைவிடப் பொருத்தமான நியதி கிடைக்காது. கடவுளைக் கண்ட நடுவர் பொய்யர் இல்லை. அவர் கண்டதற்காக இன்னொருவர் கிலோவுக்குப் பல ஆயிரம் கொடுத்து, தானும் கண்டதாகத் தலையாட்ட வேண்டியதும் இல்லை.

தலையாட்டுகிறவர்கள்தான் அதிகம் என்பது வேறு விஷயம். இயந்திரம் வாங்கப் பெருந்தொகை போட்டவருக்கு, அதற்கு ‘ஏற்ற’ கொட்டையை வாங்கவேண்டும் என்ற நெருக்கடி வருகிறது. மாமனார் வீட்டுக்கு வந்தால் பேரைச் சொல்லவேண்டுமே! பிரெஞ்சுச் சமூகவியலாளர் பியர் பூர்தியூ 1979இல் எழுதிய பெருநூலின் மையமே இதுதான்: நான் எதை ரசிக்கிறேன் என்று காட்டுவது, நான் எந்த வகுப்பு என்று காட்டுவது.

நல்ல நடுவருக்கு ஹியூம் சொல்லும் தகுதிகளில் கடைசியானது காய்தல் உவத்தல் இல்லாமை. மற்றவை கூர்ந்த அறிவு, நுண்ணுணர்வு, பயிற்சி, ஒப்பிட்டுப் பழகிய அனுபவம். கடைசித் தகுதிதான் மிகவும் அரிது. 2001இல் பிரான்சில் வெளியான ஓர் ஆய்வில், வெள்ளை ஒயினில் மணமற்ற சிவப்புச் சாயம் கலந்து 54 மாணவர்களுக்குக் கொடுத்தார்கள். ஒயின் கலை படித்தவர்கள் அவர்கள். சிவப்பு ஒயினுக்குரிய சொற்களால் அதை வருணித்தார்கள். 2014இல் வந்த வேறோர் ஆய்வு காப்பிக் கோப்பையின் நிறத்தையே மாற்றிப் பார்த்தது. வெள்ளைக் கோப்பையில் குடித்தவர்களுக்குக் காப்பி, கண்ணாடிக் கோப்பையில் இருந்ததைவிடத் தூக்கலாகத் தெரிந்தது. கோப்பையே இவ்வளவு செய்யுமானால் உறையும் விலையும் என்ன செய்யாது?

காப்பி உலகின் பெரிய காய்தல், ரோபஸ்டாமேல். அராபிகாவைவிட ஏறத்தாழ இரண்டு மடங்கு காஃபீன், அதிகக் கசப்பு, முரட்டு வாசனை என்று அதற்குக் கெட்ட பெயர். புதிய தலைமுறைக் கடைகளில் ‘100 சதவீதம் அராபிகா’ என்ற பலகை ஆசார முத்திரையாகத் தொங்குகிறது. ஆனால் எஸ்பிரெஸ்ஸோவைக் கண்டுபிடித்து வளர்த்த இத்தாலியில், குறிப்பாக நேப்பிள்ஸ் பக்கத்துத் தெற்கில், ரோபஸ்டா இல்லாத காப்பியைச் சோகையாக நினைப்பவர்கள் ஏராளம். 1938இல் அக்கிலே கஜ்ஜியா காப்புரிமை கேட்டு, போருக்குப் பிறகு நெம்புகோல் இயந்திரமாக வந்த அந்தக் கருவிதான், எஸ்பிரெஸ்ஸோவின் தலையில் பொன்னிற நுரையை உட்காரவைத்தது. அந்த நுரை கெட்டியாக நிற்க ரோபஸ்டா உதவும்.

இங்கே நம் பக்கத்துக் கதை வருகிறது. இந்தியாவில் விளையும் காப்பியில் சுமார் 70 சதவீதம் ரோபஸ்டா. இந்தியக் காப்பியை அதிகம் வாங்கும் நாடுகளில் பல ஆண்டுகளாக முன்னால் நிற்பது இத்தாலி. கர்நாடக மலைத் தோட்டங்களில் கழுவிப் பதப்படுத்தும் ‘காப்பி ராயல்’ தர ரோபஸ்டாவை எஸ்பிரெஸ்ஸோக் கலவைக்காகவே தேடி வாங்குகிறார்கள். அராபிகா என்ற பலகையைப் பார்த்து மட்டும் கொட்டை வாங்கும் சென்னைவாசி, இத்தாலிக்காரர் இங்கிருந்து கப்பலேற்றிப் போவதைத் தெரியாமலே ஒதுக்குகிறார்.

எதிர்ப்பக்கத்துக் காய்தலும் உண்டு. பீபெரி என்றாலே உசத்தி, டிகிரி காப்பிக்கு உலகில் ஈடில்லை, புளிப்புக் காப்பி வெள்ளைக்காரன் பித்தலாட்டம் என்று பேசுகிறவர்களும் ஹியூமின் தேர்வில் தேற மாட்டார்கள். சிக்கரி ஒன்றும் கெட்டதல்ல; கள்ளிச்சொட்டுப் போன்ற டிகாக்‌ஷனுக்கு அது உடம்பு தருகிறது, பாலோடு நன்றாக நிற்கிறது. ஆனால் சிக்கரியில் பழகிய நாக்கையே எல்லாக் காப்பிக்கும் தராசாக வைப்பது நியாயமில்லை.

இதையெல்லாம்விடச் சிக்கலான சாட்சி ஒன்று நம் மேற்குக் கடற்கரையில் இருக்கிறது. பாய்மரக் கப்பல் காலத்தில் மலபார்க் காப்பி ஆப்பிரிக்கா முனையைச் சுற்றி ஐரோப்பா போய்ச் சேர மாதக்கணக்கில் ஆனது. கடல் ஈரம் குடித்த கொட்டை உப்பி, வெளிறி, புளிப்பை இழந்து போய்ச் சேரும். எந்தத் தர அட்டவணைப்படி பார்த்தாலும் அது பழுதுபட்ட சரக்கு. 1869இல் சூயஸ் கால்வாய் திறந்து, நீராவிக் கப்பல்களும் வந்தபின் சரக்கு பழுதில்லாமல் விரைவாகப் போனது. ஐரோப்பியர்கள் பழைய ருசி எங்கே என்று கேட்டார்கள்! அதனால் ஜூன் முதல் செப்டம்பர் வரை மங்களூர்ப் பக்கத்துக் கிடங்குகளில் கொட்டையைப் பரப்பி, பருவக்காற்றின் ஈரத்தை வேண்டுமென்றே ஏற்றும் முறை வந்தது. ‘மான்சூண்டு மலபார்’ இன்று புவிசார் குறியீடு பெற்ற பொருள். புளிப்பு குறைவு, உடம்பு கனம் என்பதால் எஸ்பிரெஸ்ஸோக் கலவைக்காரர்களின் செல்லப்பிள்ளை. பிரேசிலின் ‘ரியோ’ ருசியும் இப்படித்தான். மருந்து வாடை அடிக்கும் அதைப் பல நாடுகள் குறையென்று தள்ள, துருக்கி, கிரீஸ், லெபனான் பக்கத்தில் விரும்பிக் குடிக்கிறார்கள். கார்க் கெட்ட ஒயினில் இருக்கும் அதே ரசாயனம்தான் ரியோ வாடைக்கும் முக்கியக் காரணம்.

அப்படியானால் ஹியூமின் சாவி? அது இருக்கிறது. ஈரம் ஏறிய கொட்டை, மருந்து வாடை, இரண்டும் அளந்து காட்டக்கூடிய உண்மைகள். குறையா நிறையா என்ற தீர்ப்புதான் ஊருக்கு ஊர் புரள்கிறது. அதில் உடம்புக்கும் பங்குண்டு. பிரிட்டனில் 4 லட்சத்துக்கு மேற்பட்டோரின் மரபணுத் தகவல்களை வைத்து 2018இல் வெளியான ஆய்வு, காஃபீனின் கசப்பை மரபுவழியில் அதிகம் உணர்கிறவர்கள் காப்பியை அதிகம் குடிக்கிறார்கள் என்றது. கசப்பு தெரிந்தவர் விலகிப் போகவில்லை, நெருங்கி வருகிறார்.

இந்த இடத்தில் பரதர் ஹியூமைவிட உதவியாக இருக்கிறார். நாட்டிய சாஸ்திரத்தின் ஆறாம் அத்தியாயம் ரசத்தை விளக்கச் சாப்பாட்டைத்தான் உதாரணம் காட்டுகிறது. பல வியஞ்சனங்கள் சேர்ந்த உணவை நன்மனம் உள்ளவர் உண்டு சுவைத்து மகிழ்வதுபோல, பார்வையாளர் நாடகத்தின் பாவங்களைச் சுவைக்கிறார் என்பது அதன் விளக்கம். ருசி பண்டத்தில் மட்டும் இல்லை, நாக்கில் மட்டும் இல்லை. பக்குவமான பண்டமும் பக்குவமான மனமும் கூடும் இடத்தில் அது பிறக்கிறது. பக்குவம் என்றால் பயிற்சி. பிறவிச் சலுகை அல்ல.

பயிற்சி எப்படி இருக்கவேண்டும் என்பதற்கு இஸ்லாமிய வரலாற்றிலிருந்து ஒரு நிகழ்ச்சி. 1511இல் மெக்காவில் கைர் பேக் என்ற அதிகாரி, காப்பி போதை தருவதா என்று அறிஞர்களைக் கூட்டி விசாரித்துத் தடைவிதித்தார். மூட்டைகள் தெருவில் எரிந்தன. யெமன் சூஃபிகள் இரவு தியானத்தில் விழித்திருக்கக் குடித்த பானம் அது. விசாரணையில் கேட்டதெல்லாம் மருத்துவர்களின் வாக்குமூலம், கேள்விப்பட்டவை. பின்னால் கெய்ரோவில் இதே கேள்வி வந்தபோது நீதிபதியான ஒரு காஜி வேறு வழியில் போனார். தன் வீட்டிலேயே காப்பி போட்டு ஆட்களுக்குக் கொடுத்து, நெடுநேரம் உடனிருந்து பேசிக்கொண்டே கவனித்தார். யாருக்கும் புத்தி தடுமாறவில்லை. ஆகும் என்று தீர்ப்பளித்தார்.

வீட்டு இயந்திரக்காரர் பின்பற்றவேண்டியது அந்தக் காஜியைத்தான். பெரியவர் புளிக்கிறது என்றால் உடனே கொட்டையைத் தூக்கி எறியக் கூடாது. இளவறுவல் கொட்டை இறுக்கமானது. அதற்கு நீர் இன்னும் சூடாக, 94, 95 டிகிரியில் இருக்கவேண்டும், அரைப்பு நயமாக இருக்கவேண்டும், கோப்பைக்கு இறங்கும் அளவும் சற்றுக் கூடவேண்டும். சாறு முழுதாக இறங்காத புளிப்பு ஒன்று, பழத்தின் புளிப்பு இன்னொன்று. முதலாவது போட்டவரின் பிழை. அதைத் திருத்திய பிறகும் பெரியவருக்குப் பிடிக்கவில்லையென்றால், வழக்கு முடிந்தது. அவர் சொல்வதே அவருக்குத் தீர்ப்பு. கருக வறுத்த கலவைக்கு நீரின் சூட்டை 90 டிகிரிக்குப் பக்கத்தில் இறக்கினால் கரிக்கசப்பு அடங்கும்.

உறையில் வறுத்த தேதி இல்லாத பொட்டலத்தை, அது எவ்வளவு பெரிய பேராக இருந்தாலும், வாங்காதீர்கள். வறுத்த அன்றே எஸ்பிரெஸ்ஸோ போடவும் வேண்டாம். கொட்டைக்குள் தங்கிய கரியமில வாயு வெளியேற ஒரு வாரம், இளவறுவலுக்கு இரண்டு வாரமாவது விடுங்கள். ஒரு கிலோவாக வாங்காமல், ஓர் இளவறுவல் எத்தியோப்பியா, ஒரு மான்சூண்டு மலபார், நல்ல ரோபஸ்டா கலந்த கலவை ஒன்று என்று கால் கிலோ வீதம் 3 பொட்டலம் வாங்கிக்கொள்ளுங்கள். எது எந்தக் கோப்பையில் இருக்கிறது என்பதை வீட்டில் இன்னொருவர் மறைத்துவைத்து ஊற்றட்டும். ஒரே நிறக் கோப்பைகளாக இருக்கட்டும். என்ன தெரிகிறது என்பதை முதலில் எழுதுங்கள், பிடித்ததா என்பதை அப்புறம். பெரியவரையும் கூட உட்காரவைத்துக்கொள்ளுங்கள்.